கிராக்கோவ்ல நாலு நாள்: அப்பா அம்மாவோட வர்றவங்க எதைப் பாக்கலாம், எதை விட்றலாம்

கேள்வி கேட்டவர் ஜெர்மனில இருக்காரு, செப்டம்பர்ல ஊர்ல இருந்து அப்பா அம்மா வர்றாங்க, அவங்களக் கூட்டிட்டு போலந்துல கிராக்கோவ் போகணும், கையில நாலு நாள், அம்மாவுக்கு முட்டி வலி, ரெண்டு பேரும் சுத்த சைவம். ஒரு டூர்காரங்க "ஆஷ்விட்ஸ், உப்புச் சுரங்கம் ரெண்டும் ஒரே நாள்ல"ன்னு பேக்கேஜ் குடுக்கறாங்க, எடுக்கலாமான்னு கேட்டிருக்காரு.

எடுக்காதீங்க. நான் இங்கதான் வேலை பாத்துட்டு குடியிருக்கேன், ஊர்ல இருந்து யார் வந்தாலும் கைடு நான்தான், அதனால தைரியமா சொல்றேன். ஆஷ்விட்ஸ், அதாவது போர்ல ஜெர்மன்காரன் யூதர்கள அடைச்சுக் கொன்ன முகாம், இங்க இருந்து மேற்கால ஏறக்குறைய 70 கிலோமீட்டர், போக மட்டும் ஒன்றரை மணி நேரம் பஸ், அங்க ரெண்டு முகாமையும் கைடோட நடந்து பாக்க மூணரை மணி நேரம், முடிச்சிட்டு வெளிய வர்றப்ப யாருக்கும் பேசக்கூட தோணாது, அந்த மனசோட திரும்ப வண்டில ஏத்தி 800 படி இருக்கற சுரங்கத்துல இறக்கினா அம்மா முட்டி என்னத்துக்கு ஆகும்? இதுல இன்னொரு கூத்து, இப்படி வர்றவங்கள்ல பாதிப் பேர் கிராக்கோவ பஸ் பிடிக்கற இடமா மட்டும் பாத்துட்டுப் போயிடறாங்க. ரெண்டு நாள் முழுசா ஊருக்குள்ளயே இருங்க, மீதி ரெண்டு நாள வெளிய வச்சுக்கலாம்.

முதல்ல ஒண்ணு புரிஞ்சுக்கங்க, கிராக்கோவ்ங்கறது ஒரே ஊர் இல்ல. பழைய அரச நகரம் ஒண்ணு, 1335ல காசிமிர் ராஜா தனி ஊராக் கட்டின கஜிமியெஷ் ஒண்ணு, விஸ்துலா ஆத்துக்கு அந்தப் பக்கம் ஆஸ்திரியாக்காரன் 1784ல தனி நகரமா அறிவிச்ச போட்கூஷே ஒண்ணு, 1949ல கம்யூனிஸ்ட் அரசாங்கம் ஸ்டீல் ஆலைக்காகக் கட்ட ஆரம்பிச்ச நோவா ஹூட்டா ஒண்ணு. நாலும் பின்னாடி ஒண்ணாச் சேந்தது. ஒவ்வொண்ணுலயும் தெருவோட அகலம், வீட்டு உயரம், சாப்பாட்டு விலை எல்லாமே மாறும். அதனால அங்க கொஞ்சம் இங்க கொஞ்சம்னு ஓடாம, அரை நாளைக்கு ஒரு ஊர்னு பிரிச்சுக்கங்க. இன்னொண்ணு, ரெண்டாம் உலகப் போர்ல தலைநகரம் வார்சா தரைமட்டமாச்சு, அங்க பழைய டவுன்னு காட்டறது பெரும்பாலும் திரும்பக் கட்டினது. இங்க ஜெர்மன்காரன் கவர்னரே வாவெல் கோட்டைல உக்காந்து ஆண்டான், ஊரு இடியாமத் தப்பிச்சிருச்சு, நீங்க தொட்டுப் பாக்கற கல்லு அந்தக் காலத்துக் கல்லேதான்.

முதல் நாள் வடக்கால பார்பிகன்ல இருந்து ஆரம்பிங்க, 1498 வாக்குல கட்டின வட்டமான செங்கல் கோட்டை அது. அதைத் தாண்டி ஃப்ளோரியன் வாசல், அப்படியே நேரா நடந்தா பெரிய சதுக்கம், ரீனெக்னு சொல்லுவாங்க, அங்க இருந்து க்ரோட்ஸ்கா தெரு வழியா வாவெல் குன்று. ராஜாக்கள் ஊர்வலமாப் போன வழி இதுதான், சமதரையா இருக்கும், ஆனா கல்லு பாவின தெரு, அம்மாவுக்கு செருப்பு வேணாம், அடி கனமான ஷூ போட்டுக்கச் சொல்லுங்க. கால் வலிச்சா எந்தத் தெருவுல இருந்தும் ரெண்டு நிமிஷத்துல பிளாண்டிக்கு வந்துடலாம், பழைய மதிலை இடிச்சுட்டு அந்த இடத்துல சுத்தி நாலு கிலோமீட்டருக்குப் போட்ட பூங்கா அது, எங்க பாத்தாலும் பெஞ்சு.

சதுக்கம் ஒரு பக்கம் 200 மீட்டர். 1257ல நகர சாசனம் குடுத்தப்ப அளந்து கோடு போட்டு வெட்டினது. மரியாட்ஸ்கி சர்ச் மட்டும் கோணலா நிக்கறத கவனிங்க, சதுக்கம் வர்றதுக்கு முன்னாடியே அங்க சர்ச் இருந்துச்சு, அதனால கோட்டுக்கு ஒத்து வராது. அதோட உயரமான கோபுரத்துல இருந்து மணிக்கு ஒரு தடவ ட்ரம்பெட் ஊதுவாங்க, ஊதறது தீயணைப்புத் துறை ஆளுங்க, ராத்திரி பகல்னு ஷிஃப்ட் போட்டு மேலயே இருப்பாங்க. நாலு திசைக்கும் நாலு ஜன்னல்ல ஒவ்வொரு தடவ, ஒவ்வொரு தடவையும் பாட்டு பாதியில பட்டுனு நின்னுடும். 1241ல மங்கோலியர் படை வந்தப்ப எச்சரிக்கை ஊதினவன் தொண்டைல அம்பு பாஞ்சதாகக் கதை. கதைதான், ஆனா மத்தியான பன்னண்டு மணி ஊதல 1927ல இருந்து போலந்து வானொலி நாடு பூரா ஒலிபரப்புது. ஊதி முடிச்சதும் கீழ இருந்து கைய ஆட்டினா அவரும் ஜன்னல்ல கைய நீட்டி ஆட்டுவாரு, உங்க அம்மாவுக்கு கோபுரம் ஏறாமயே இது போதும்.

சர்ச்சுக்குள்ள அவசியம் போங்க. முன்வாசல் சாமி கும்பிடறவங்களுக்கு, சுற்றுலா ஆளுங்களுக்கு பக்கவாட்டு வாசல், டிக்கெட் எதிர்ல சின்ன ஆபீஸ்ல. பதினொன்றே முக்காலுக்குள்ள உள்ள போய் முன் பெஞ்சுல இடம் பிடிங்க, 11:50க்கு பீடத்தோட கதவுகளத் திறப்பாங்க. ஃபைட் ஸ்டோஸ்னு நூரெம்பெர்க்ல இருந்து வந்த சிற்பி 1477ல ஆரம்பிச்சு 1489ல முடிச்ச மரச் சிற்பம், ஏறக்குறைய 13 மீட்டர் உயரம், நடுவுல நிக்கற சீடர்கள் நம்ம ஆள் உயரத்த விடப் பெருசு. கிட்டப் போய் அவங்க கைகளப் பாருங்க, புறங்கை நரம்பு, விரல் மூட்டு வீக்கம், கழுத்துல தோல் சுருக்கம், லிண்டன் மரத்துல இத்தனையும். போர்ல ஜெர்மன்காரன் கழட்டி நூரெம்பெர்க்குக்கு தூக்கிட்டுப் போயிட்டான், 1946ல திரும்பி வந்துச்சு.

நடுவுல இருக்கற துணிக்கடை மண்டபம், சுகியென்னிட்சே, அழகான கட்டடம், கீழ கடைகள் எல்லாம் சாவித்கொத்து, மர பொம்மை, அம்பர் மாலைன்னு ஒரே மாதிரி இருக்கும், அம்பர் வாங்கறதுன்னா சர்டிபிகேட் குடுக்கற நகைக்கடைல வாங்குங்க. சதுக்கத்துக்கு அடியிலயே 2010ல திறந்த மியூசியம் ஒண்ணு இருக்கு, மழை பெய்ஞ்சா அங்க போங்க.

என்னைக் கேட்டா கிராக்கோவ்ல காசு குடுக்காமப் பாக்கறதுலயே பெருசு பிரான்சிஸ்கன் சர்ச்தான், க்ரோட்ஸ்கா தெருவுல வாவெல் போற வழில வலது பக்கம், சதுக்கத்துல இருந்து ரெண்டு நிமிஷம். வெளிய இருந்து பாத்தா சாதாரண செங்கல் கட்டடம், நிறைய பேர் தாண்டிப் போயிடுவாங்க. உள்ள சுவர் பூரா விஸ்பியான்ஸ்கிங்கற போலந்து ஓவியர் வரைஞ்ச பூ, பான்சி, ரோஜா, லில்லின்னு. பீடத்தப் பாத்துட்டு அப்படியே திரும்பிடாதீங்க, பின்னாடி வாசலுக்கு மேல மேற்குச் சுவர்ல ஒரு கண்ணாடி ஜன்னல் இருக்கு, கடவுள் உலகத்தப் படைக்கற காட்சி, ஒரு கை மேல தூக்கி, தாடியும் உடம்பும் நீலம் பச்சை ஊதான்னு தீ மாதிரி கலங்கி நிக்கும். காலைல போனா மங்கலாத்தான் தெரியும், மேற்குப் பாத்த ஜன்னல்ங்கறதால சாயங்காலம் நாலு அஞ்சு மணிக்கு வெயில் இருக்கற நாளாப் பாத்துப் போங்க, அப்ப உங்க அப்பாவ அங்க இருந்து எழுப்பிக் கூட்டிட்டு வர்றது கஷ்டம். பூசை நடந்தா மட்டும் பின்னாடி அமைதியா உக்காருங்க, போட்டோ எடுக்காதீங்க. எதிர்ல இருக்கற பிஷப் மாளிகை ஜன்னல்லதான் போப் ஜான் பால் ஊருக்கு வந்தப்பெல்லாம் ராத்திரில நின்னு பசங்களோட பேசுவாரு.

பக்கத்துலயே காலேஜியம் மாயுஸ், 1364ல ஆரம்பிச்ச பல்கலைக்கழகத்தோட பழைய கட்டடம், கோபர்னிகஸ் 1491ல இங்க படிக்கச் சேந்தாரு. முற்றத்துல ஒரு கடிகாரம், ஒத்தைப்பட மணிகள்ல, ஒரு மணி மூணு மணின்னு, பொம்மைங்க வரிசையா வெளிய வந்து சுத்தும், முற்றத்துக்கு டிக்கெட் இல்ல.

வாவெல் குன்று மேல ஏற சாய்வான பாதை இருக்கு, படி இல்ல, மெதுவா ஏறலாம். மேல முற்றத்துல சுத்த காசு இல்ல, கோட்டை அறைகளுக்குத் தனித்தனி டிக்கெட், கதீட்ரலுக்கு வேற டிக்கெட், அது வேற கவுண்டர். எல்லாத்துக்கும் வாங்கிட்டு நிக்காதீங்க. கதீட்ரல் ஒண்ணு போதும், அதுல சிக்மண்ட் ராஜாவோட தங்கக் கூரை போட்ட சேப்பல், கீழ நிலவறைல ராஜாக்கள், போலந்துத் தலைவர் பில்சூட்ஸ்கி எல்லாரோட சமாதி. நிலவறைக்கு இறங்க படி உண்டு, அம்மா மேலயே உக்காந்துக்கட்டும். வாசல்ல சங்கிலில பெரிய பெரிய எலும்பு தொங்கும், டிராகன் எலும்புன்னு சொல்லுவாங்க, திமிங்கலம், மாமத், காண்டாமிருகம்னு விஷயம் தெரிஞ்சவங்க சொல்றாங்க, அது கீழ விழுந்தா உலகம் அழிஞ்சிடும்னு ஊர்ல ஒரு பேச்சு. டிராகன் குகைக்கு வளைஞ்சு வளைஞ்சு இறங்கற படி, அத விட்ருங்க, ஆத்தோரமா கீழ நடந்து போனா அதே டிராகன் சிலையா நிக்கும், சில நிமிஷத்துக்கு ஒரு தடவ வாய்ல நெருப்பு விடும், அதுக்கு டிக்கெட் இல்ல.

உங்க அப்பா அம்மாவுக்கு நிச்சயம் சுவாரசியமா இருக்கும், கோட்டை முற்றத்துல ஒரு மூலைல சுவத்துல முதுகைச் சாச்சு கண்ண மூடி நிக்கற ஆளுங்களப் பாக்கலாம். சிவபெருமான் உலகத்துல ஏழு இடத்துல எறிஞ்ச கல்லுல ஒண்ணு இந்தக் குன்றுக்கு அடியில இருக்கு, அது ஒரு சக்ரா, அங்க நின்னா சக்தி ஏறும்னு நம்பிக்கை. போலந்துக்காரங்ககிட்ட இந்தக் கதை பரவினது பிரம்மஞானிகள் வட்டாரத்துல இருந்துதான்னு சொல்வாங்க, அதாவது நம்ம அடையாறுல தலைமையகம் வச்சிருக்கற அதே சங்கம். கோட்டை நிர்வாகத்துக்கு இது பிடிக்கல, சுவர் அழுக்காகுதுன்னு சாயவிடாமத் தடுக்கறாங்க, ஆனாலும் ஆளுங்க வந்துட்டுதான் இருக்காங்க.

லியனார்டோ வரைஞ்ச, கீரிப்பிள்ளை மாதிரி ஒரு வெள்ளைப் பிராணிய கையில வச்சிருக்கற பொண்ணு ஓவியம் சார்டோரிஸ்கி மியூசியத்துல, ஃப்ளோரியன் வாசல் பக்கத்துலயே. நேரத்தோட டிக்கெட் நெட்ல எடுத்துருங்க.

ரெண்டாம் நாள் கஜிமியெஷ், அப்புறம் பாலம் தாண்டி போட்கூஷே. கஜிமியெஷ் யூதர்கள் நூத்தாண்டுக் கணக்கா வாழ்ந்த இடம், ஷெரோகா தெருவுல ரெமு ஜெபக்கூடமும் கல்லறையும் இருக்கு, போர்ல உடைச்சுப் போட்ட கல்லறைக் கல் துண்டுங்கள ஒட்டியே ஒரு நீளமான சுவர் கட்டியிருக்காங்க, ஹீப்ரு எழுத்து, பாதி கை, பாதி சிங்கம்னு துண்டு துண்டா. ஆம்பளைங்க தலையை மூடணும், வாசல்லயே தொப்பி குடுப்பாங்க. சனிக்கிழமை மூடியிருக்கும், அதுக்கேத்த மாதிரி நாள வச்சுக்கங்க.

அங்க இருந்து நடைபாலம் ஒண்ணுல ஆத்தைத் தாண்டினா போட்கூஷே. 1941 மார்ச்ல ஜெர்மன்காரன் கெட்டோ, அதாவது யூதர்கள அடைச்சு வைக்கற பகுதி, போட்டு மதில் எழுப்பினது இந்தப் பக்கம்தான், ஊர்ல மிஞ்சியிருந்த யூதர்கள இங்கதான் அடைச்சான், 1943 மார்ச்ல காலி பண்ணிட்டான். இப்ப அங்க இருக்கற கெட்டோ வீரர்கள் சதுக்கத்துல வெறும் உலோக நாற்காலிகள், சாதாரண நாற்காலிய விடப் பெருசா, தள்ளித் தள்ளி காலியா நிக்கும். ஜனங்கள வெளியேத்தினப்ப அவங்க நாற்காலி, மேசை, கட்டில் எல்லாம் அந்த இடத்துல குவிஞ்சு கெடந்ததாம். மூலைல இருக்கற மருந்துக்கடை பான்கியெவிச்சோடது, கெட்டோவுக்குள்ள இருந்த ஒரே யூதரல்லாத கடைக்காரர், உள்ள இருந்தவங்களுக்கு உதவினவர், இப்ப அது சின்ன மியூசியம். பத்து நிமிஷ நடைல, தன்கிட்ட வேலை செஞ்ச யூதர்களக் காப்பாத்தின ஷிண்ட்லரோட ஃபேக்டரி, லிபோவா தெரு, ஃபேக்டரி மெஷின் எதிர்பாத்துப் போகாதீங்க, ஆக்கிரமிப்புக் காலத்துல கிராக்கோவ் எப்படி இருந்துச்சுன்னு காட்டற மியூசியம் அது, டிக்கெட் நாள் கணக்கா முன்னாடியே தீந்துடும்.

நோவா ஹூட்டாவுக்கு நாலாம் நம்பர் ட்ராம். அகலமான ரோடு, ஒரே மாதிரி கல் வீடு, சுத்தி மரம். லெனின் பேர் வச்சிருந்த அந்த ஸ்டீல் ஆலைய அப்புறம் வாங்கினது நம்ம லக்ஷ்மி மிட்டல் கம்பெனி. நேரம் மிஞ்சினா போங்க, இல்லாட்டி பரவால்ல.

மூணாம் நாள் வியெலிச்கா உப்புச் சுரங்கம். மெயின் ஸ்டேஷன்ல இருந்து ட்ரெயின் அரை மணிக்குள்ள, டூர் பஸ் வேணவே வேணாம். ஆனா ஆரம்பத்துலயே 380 மரப்படி இறங்கணும், மொத்தம் 800, திரும்பி வர்றப்பதான் லிப்ட். நடக்கறது மூணு கிலோமீட்டருக்கு மேல. நடக்க முடியாதவங்களுக்கு லிப்ட்ல இறங்கற ஏற்பாடு பத்தி முன்னாடியே மெயில் போட்டுக் கேளுங்க, அவங்க ஒத்துக்கலன்னா அம்மாவ வற்புறுத்தாதீங்க, நீங்களும் அப்பாவும் மட்டும் போயிட்டு வாங்க. உள்ள எப்பவும் 17, 18 டிகிரி, ஸ்வெட்டர் ஒண்ணு எடுத்துக்கங்க. 101 மீட்டர் ஆழத்துல கிங்கா தேவாலயம், சரவிளக்கு, தரை, சுவத்துல சிற்பம் எல்லாம் உப்புதான், அதுக்காக மட்டுமே இறங்கலாம்.

ஆஷ்விட்ஸ் நாலாம் நாள், அது உங்க அப்பா அம்மாகிட்ட கேட்டு முடிவு பண்ண வேண்டியது. அங்க கொல்லப்பட்டவங்க 11 லட்சம் பேர், அதுல ஏறக்குறைய பத்து லட்சம் யூதர்கள். தலைமுடிக் குவியல், குழந்தைங்க செருப்பு எல்லாம் கண்ணாடிக்குப் பின்னாடி வச்சிருப்பாங்க. சில பெரியவங்க பாத்தே ஆகணும்னு சொல்லுவாங்க, சிலருக்குத் தாங்காது, பாக்காம இருக்கறதுல தப்பே இல்ல. போறதா இருந்தா அவங்களோட சொந்த வெப்சைட்லயே பேரு போட்டு புக் பண்ணுங்க, பாஸ்போர்ட் எடுத்துட்டுப் போங்க, பெரிய பை உள்ள விட மாட்டாங்க.

சாப்பாடு. சைவத்துக்கு இங்க நம்பி சாப்பிடலாம்னு நினைக்கறதுலதான் மாட்டிக்குவீங்க. பியெரோகி ருஸ்கியே, உருளைக்கிழங்கும் வெள்ளைச் சீஸும் வச்ச கொழுக்கட்டை மாதிரி, உள்ள கறி கிடையாது, ஆனா மேல பொரிச்ச பன்றிக் கொழுப்புத் துணுக்கு தூவிக் குடுத்துடுவாங்க, ஆர்டர் பண்றப்பவே "பெஸ் ஸ்க்வாரெக்"னு சொல்லிடுங்க. சாப்பாட்டுக்கு முன்னாடி ரொட்டியோட வெள்ளையா வெண்ணெய் மாதிரி ஒண்ணு ஃப்ரீயா வைப்பாங்க, ஸ்மாலெட்ஸ், அதுவும் பன்றிக் கொழுப்புதான், அம்மா தடவறதுக்கு முன்னாடி தள்ளி வச்சிருங்க. சூப் பேர்ல காய்கறி இருந்தாலும் அடில கறி வேகவச்ச தண்ணியா இருக்கும், கேட்டுட்டு வாங்குங்க. தைரியமா சாப்பிடலாம்னா ஒப்வஜானெக், தெருவுக்குத் தெரு தள்ளுவண்டில எள்ளு, கசகசா தூவி விக்கற முறுக்கின வளைய ரொட்டி, காலைல வாங்குங்க, சாயங்காலம் கல்லாயிடும். கஜிமியெஷ்ல பிளாட்ஸ் நோவி சதுக்கத்துல ஜாப்பியெகான்கா, முழ நீள ரொட்டில காளானும் சீஸும். மில்க் பார்னு சொல்ற கம்யூனிஸ்ட் காலத்து மெஸ்கள்ல உருளைக்கிழங்கு அடை, பழம் வேகவச்ச கம்போத்து பானம் எல்லாம் மலிவு. பார்பிகன் பக்கத்துல ஸ்தாரி க்ளெபாஷ் மார்க்கெட்டுல செப்டம்பர்ல காட்டுக் காளான், ப்ளம், ஆப்பிள் குவிஞ்சு கெடக்கும், பாட்டிங்க உக்காந்து விப்பாங்க. ஹோட்டல விட கிச்சன் இருக்கற அபார்ட்மெண்ட் எடுங்க, சூப்பர் மார்க்கெட்ல அரிசி, தயிர் கெடைக்கும், மஷ்லான்கான்னு கேட்டா மோரே கெடைக்கும், ராத்திரிக்கு தயிர் சாதம் போட்டா அப்பா சந்தோஷமாத் தூங்குவாரு.

சதுக்கத்துல திருவிழா ஸ்டால் போட்டிருந்தா விலைப் பலகைய உத்துப் பாருங்க, 100 கிராம் விலை எழுதியிருப்பான், தட்டுல அரைக் கிலோ வச்சு எடை போட்டு நீட்டிட்டு அப்புறம் பில்ல சொல்லுவான். எடை போடறதுக்கு முன்னாடியே எவ்வளவு வேணும்னு சொல்லிடணும்.

இங்க யூரோ இல்ல, ஸ்லோட்டி. ஏர்போர்ட்ல மாத்தாதீங்க, ஊருக்குள்ள கான்டோர்னு போர்டு போட்ட கடைகள்ல வாங்கற விலைக்கும் விக்கற விலைக்கும் இடைவெளி கம்மியா இருக்கற கடையாப் பாருங்க. ஏடிஎம்ல "யூரோவுல பில் பண்ணட்டுமா"ன்னு கேட்டா வேணாம்னு அழுத்தி ஸ்லோட்டிலயே எடுங்க. ட்ராம்ல டிக்கெட் வாங்கினா மட்டும் பத்தாது, பேப்பர் டிக்கெட்னா ஏறினதும் மெஷின்ல குத்தணும், செக்கர் சாதா டிரெஸ்லதான் வருவாரு, தெரியாதுன்னு சொன்னா விட மாட்டாரு. ஞாயித்துக்கிழமை பெரும்பாலும் சூப்பர் மார்க்கெட் எல்லாம் பூட்டிடுவாங்க, 2018ல இருந்து சட்டம், பச்சை போர்டு போட்ட ஜாப்கா மாதிரி சின்னக் கடைங்கதான் திறந்திருக்கும், சனிக்கிழமையே பால் தயிர் வாங்கி வச்சிருங்க.

டாய்லெட் கதவுல ஆள் படம் இல்லாம வெறும் முக்கோணமும் வட்டமும் போட்டிருக்கும், முக்கோணம் ஆம்பளைங்க, வட்டம் பொம்பளைங்க, அம்மாகிட்ட முன்னாடியே சொல்லி வச்சிருங்க. நிறைய இடத்துல காசு கேப்பாங்க, பாக்கெட்ல ரெண்டு அஞ்சு ஸ்லோட்டி சில்லறை எப்பவும் இருக்கட்டும்.